மழைச் சண்டையில் துப்பாக்கிச் சத்தம் ஏன் இல்லை?

கேட்டவர் போன வாரம்தான் 'ரோட் டு பெர்டிஷன்' பார்த்திருக்கிறார். கிராபிக் நாவலிலிருந்து எடுத்த கேங்ஸ்டர் படம் என்று நண்பர் சொன்னாராம். தொப்பி, பழைய கார், மெஷின்கன் என்று ஆசையாக உட்கார்ந்தாராம். "முக்கியமான சாவு ஒன்றைக்கூட நேராகக் காட்டவில்லை. மழையில் நடக்கும் பெரிய சண்டையில் துப்பாக்கிச் சத்தமே வரவில்லை. டிவி ஸ்பீக்கர் போய்விட்டதோ என்று வால்யூமைக் கூட்டிப் பார்த்தேன். இயக்குநருக்குச் சண்டை எடுக்க வராதா, காமிக்ஸிலேயே அப்படித்தானா? இந்தக் கதை நிஜமாக நடந்ததா?" என்று கேட்டிருக்கிறார். மூன்று கேள்வி மாதிரி தெரிந்தாலும் அடியில் ஓடுவது ஒன்றுதான்: ரத்தம் தெறிக்கிற ஒரு கதையைக் கையில் வைத்துக்கொண்டு, எல்லாவற்றையும் ஏன் ஒளித்து ஒளித்து எடுத்தார்கள்?

நான் சென்னையில் இருபது வருடத்துக்கு மேலாக கேமரா டிபார்ட்மெண்டில் இருப்பவன். பாதி வருடங்கள் ஃபோகஸ் புல்லர் வேலை, அதாவது நடிகர் நகர நகர லென்ஸின் ஃபோகஸைச் சரிசெய்துகொண்டே இருப்பது. அதனால் படத்தை நான் பார்ப்பது கேமராவுக்கு இந்தப் பக்கத்திலிருந்துதான். எடிட்டிங், சவுண்ட் பற்றிச் சொல்லும்போது பக்கத்து வீட்டுக்காரன் பேச்சாக எடுத்துக்கொள்ளுங்கள். முடிவு வரை எல்லாவற்றையும் பேசப்போகிறேன், படம் பார்க்காதவர்கள் இங்கேயே திரும்பிவிடலாம்.

முதலில் புத்தகம். எழுதியவர் மேக்ஸ் ஆலன் காலின்ஸ், வரைந்தவர் பிரிட்டனைச் சேர்ந்த ரிச்சர்ட் பியர்ஸ் ரேனர். டிசி நிறுவனத்தின் கிளையான பாரடாக்ஸ் பிரஸ் 1998இல் வெளியிட்டது. சுமார் 300 பக்கம், முழுக்கக் கறுப்பு வெள்ளை. வரைந்து முடிக்க ரேனருக்கு நான்கு வருடம் ஆயிற்று. ஒரு கட்டடத்தின் செங்கல்லைக்கூட விடாமல் கோடு கோடாக இழைத்திருப்பார், அதனால் நான்கு வருடம் என்பதில் எனக்கு ஆச்சரியமில்லை. சிவகாசியில் அச்சான கறுப்பு வெள்ளை காமிக்ஸைப் பாடப் புத்தகத்துக்குள் வைத்துப் படித்து வளர்ந்தவர்களுக்கு அந்தக் கோடுகளைப் பார்த்ததுமே பழைய ஆளைச் சந்தித்த மாதிரி இருக்கும்.

கதையின் வேர் அமெரிக்காவில் மட்டும் இல்லை. 1970களில் ஜப்பானில் வந்த 'லோன் வுல்ஃப் அண்ட் கப்' என்ற மாங்கா (ஜப்பானியக் காமிக்ஸ்) தொடரில், மனைவியைப் பறிகொடுத்த ஒரு சாமுராய், தன் சின்னப் பையனைத் தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு பழிவாங்கப் புறப்படுவான். அதிலிருந்து எடுத்துக்கொண்டதை காலின்ஸ் மறைத்ததே இல்லை. ஜான் வூவின் ஹாங்காங் துப்பாக்கிப் படங்களும் தன்னைப் பாதித்ததாகச் சொன்னவர் அவர். இதை ஏன் சொல்கிறேன் என்றால், நீங்கள் எதிர்பார்த்த படம் புத்தகத்தில் இருக்கிறது. அங்கே துப்பாக்கிச் சண்டைகள் பக்கம் பக்கமாக வருகின்றன, நாயகன் ஒற்றை ஆளாகக் கூட்டத்தையே சாய்க்கிறான், அவனுக்கு மரண தேவதை என்று பட்டப்பெயர் வேறு. ஆக, காமிக்ஸிலேயே அப்படித்தானா என்ற கேள்விக்கு, சந்தேகமில்லாமல், இல்லை. அடக்கி வாசித்தது படம்தான், அதுவும் தெரிந்தே.

நிஜமா என்ற கேள்விக்குப் பாதி ஆம். இலினாய் மாநிலத்தில் மிசிசிப்பி ஆற்றங்கரையில் ராக் ஐலண்ட் என்ற ஊர், சிகாகோவுக்கு மேற்கே சுமார் 270 கிலோமீட்டர். அங்கே ஜான் லூனி என்று ஒருவர் இருந்தார். படிப்பால் வக்கீல். கையில் ஒரு பத்திரிகையும் வைத்திருந்தார், 'ராக் ஐலண்ட் நியூஸ்' என்று. அதை வைத்து அவர் செய்த தொழில் விசித்திரமானது: ஊர்ப் பெரிய மனிதர் ஒருவரின் அந்தரங்கத்தைச் செய்தியாக எழுதி, அச்சுக்குப் போகும் முன் அவரிடமே காட்டி, காசு வாங்கிக்கொண்டு நிறுத்துவது. சூதாட்டம், விபச்சார விடுதி, மதுவிலக்குக் காலத்துச் சாராயம் எல்லாம் இதற்கு மேல். அவருக்கு கானர் என்று ஒரு மகன், 1922இல் ராக் ஐலண்ட் தெருவில் நடந்த துப்பாக்கிச் சண்டையில் செத்துப்போனான். அதே வருடம் நடந்த ஒரு மதுக்கடைக்காரரின் கொலைக்காக லூனிக்கு 1925இல் 14 வருடத் தண்டனை கிடைத்தது. 1934இல் வெளியே வந்தார்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். படம் நடப்பது 1931 குளிர்காலத்தில். நிஜ வாழ்க்கையில் அந்த வருடம் அப்பா சிறையில், மகன் செத்து ஒன்பது வருடம். காலின்ஸ் இந்த இருவரையும் தூக்கி, சிகாகோ கேங்ஸ்டர் அல் கபோன் காலத்துக்குள் வைத்துவிட்டார். நாயகன் சல்லிவனும் அவன் குடும்பமும் முழுக்கக் கற்பனை. புத்தகத்தில் லூனி என்றே இருந்த பெயர் படத்தில் ரூனி ஆனது, ஓ'சல்லிவன் வெறும் சல்லிவன் ஆனான். இன்னொரு சின்ன வேடிக்கை: படத்தில் ஸ்டான்லி டூச்சி செய்யும் ஃபிராங்க் நிட்டி, கபோனின் வலது கை, நிஜ மனிதர். வருமான வரி வழக்கில் 18 மாதத் தண்டனை பெற்று, 1932 மார்ச்சில்தான் வெளியே வந்தார். அதாவது சல்லிவன் சிகாகோவில் போய்ப் பார்க்கும் அந்தச் சமயத்தில் அவர் கம்பிக்குப் பின்னால் இருந்திருக்க வேண்டும். கபோனுக்கும் 1931 அக்டோபரிலேயே அதே மாதிரி வழக்கில் 11 வருடம் விதித்தாகிவிட்டது. படத்தை இதற்காகக் குறை சொல்லத் தோன்றவில்லை. வரலாறு தெரிந்துகொள்ள இந்தப் படத்தைப் பார்க்காதீர்கள், அவ்வளவுதான்.

கபோன் என்றதும் ஒன்று. கபோன் வரும் காட்சியை அவர்கள் எடுத்தார்கள், ஆந்தனி லபாக்லியா நடித்தார். எடிட்டிங்கில் வெட்டிவிட்டார்கள். இப்போது படத்தில் கபோன் என்பது மேல்மாடியில் எங்கோ உட்கார்ந்திருக்கும் ஒரு பெயர். முகம் காட்டாததாலேயே அந்த ஆள் பெரிதாகிவிட்டான். நீங்கள் குறையாகச் சொன்ன ஒளித்து வைக்கும் பழக்கம் இந்த இடத்திலேயே தொடங்கிவிடுகிறது.

இந்தப் படத்தில் எதைக் காட்டுவது, எதை ஒளிப்பது என்ற முடிவுகள் எல்லாம் ஒரு கேள்வியிலிருந்து வருகின்றன என்று நினைக்கிறேன்: இதைப் பார்ப்பது யார்? கதையைச் சொல்வது சல்லிவனின் மூத்த பையன் மைக்கேல், பன்னிரண்டு வயது. அப்பா சாப்பாட்டு மேஜையில் உட்காருவார், ஜெபம் சொல்வார், ராத்திரி வெளியே போவார். என்ன வேலை என்று பையனுக்குத் தெரியாது. இயக்குநர் சாம் மெண்டிஸும் ஒளிப்பதிவாளர் கான்ராட் ஹாலும் முதல் அரை மணி நேரம் நம்மையும் அந்தப் பையனின் உயரத்தில் நிற்க வைத்துவிடுகிறார்கள். சல்லிவனாக வரும் டாம் ஹாங்க்ஸைக் கவனியுங்கள். அவ்வளவு பெரிய நட்சத்திரம், ஒரு நல்ல குளோசப் கிடையாது. கதவு நிலைக்குள், நடைபாதையின் அந்தக் கோடியில், பாதி முகம் இருட்டில். பையன் சாப்பிடக் கூப்பிட மாடிக்குப் போகிற இடத்தில், அப்பா கோட்டைக் கழற்றி, பைகளைக் காலி செய்து, இடுப்பிலிருந்து துப்பாக்கியை எடுத்துக் கட்டில் மேல் வைப்பதைத் தூரத்திலிருந்து, நீளமான நடைபாதை வழியாகப் பார்க்கிறோம். அவ்வளவுதான் தகவல். நம் ஊர் மாஸ் ஹீரோ அறிமுகத்தோடு பழகிய கண்ணுக்கு இது கையில் காசில்லாமல் எடுத்த ஷாட் மாதிரி இருக்கும். படத்தின் பட்ஜெட் சுமார் 8 கோடி டாலர்.

பிறகு கொலையைப் பார்க்கும் இடம். பையன் காருக்குள் ஒளிந்து அப்பாவோடு போய்விடுகிறான். கிடங்கின் சுவரோரமாகத் தரையோடு தரையாகக் கிடந்து, இடுக்கு வழியாகப் பார்க்கிறான். ரூனியின் மகன் கானர் ஒருவனைச் சுட, அடுத்த நொடி அப்பாவின் தாம்சன் பேசத் தொடங்குகிறது. நமக்கும் கிடைப்பது பையனுக்குக் கிடைத்த அந்த இடுக்கு மட்டும்தான்: கால்கள், விழுகிற தோட்டா உறைகள், சரிகிற உடம்பு. தாம்சன் என்பது முதல் உலகப் போர் முடிகிற நேரத்தில் பதுங்குகுழிகளைத் துடைத்தெடுக்க என்று உருவாக்கிய மெஷின்கன், சண்டை முடிந்த பிறகே சந்தைக்கு வந்தது. குண்டு நிரப்பிய வட்ட டிரம்மைப் போட்டால் 50 குண்டு. அதை முழுசாக, அழகாகக் காட்ட ஆசைப்படாத கேங்ஸ்டர் பட இயக்குநர் அபூர்வம். மெண்டிஸுக்கு அந்த ஆசை இல்லை.

ஹாலைப் பற்றி என் தொழில் பக்கத்திலிருந்து ஒரு விஷயம். அவர் இந்தப் படத்தில் லென்ஸை அநேகமாக முழுசாகத் திறந்து வைத்தே எடுத்தார். அப்படித் திறந்தால் ஃபோகஸ் இருக்கும் ஆழம் சுருங்கிவிடும். முன்னால் இருப்பவரின் கண் தெளிவாக இருக்கும், காது கரைந்துவிடும். நடிகர் மூச்சை இழுத்து நாலு விரல் பின்னால் சாய்ந்தால் போச்சு. ஃபோகஸ் புல்லர்களின் கெட்ட கனவு இது. ஹால் ஏன் அப்படிச் செய்தார் என்றால், ஃப்ரேமில் ஒரு புள்ளி மட்டும் கூர்மையாக இருந்தால் உணர்ச்சி அங்கே குவியும் என்பது அவர் நம்பிக்கை. வெயில் நேரத்து வெளிக்காட்சிகளில் மேலே கறுப்புப் பட்டுத் துணியைக் கட்டி வெளிச்சத்தை இறக்கி, எப்போதும் நிழலில் நிற்பது போன்ற சாம்பல் நிறத்தைக் கொண்டுவந்தார். ஓவியர் எட்வர்ட் ஹாப்பரின் ஆளில்லாத அறைகளும் ஒற்றை விளக்குகளும் இந்தப் படத்துக்கு முன்மாதிரி என்பதும் பதிவாகியிருக்கிறது. புத்தகத்திலிருந்து நேராக எடுத்த ஃப்ரேம்களும் உண்டு. சிகாகோவுக்குள் கார் நுழையும்போது பையன் அண்ணாந்து பார்க்க, கார்க் கண்ணாடியில் உயர்ந்த கட்டடங்கள் வழுக்கிக்கொண்டு போகுமே, அது ரேனர் வரைந்த கட்டம்.

இனி உங்கள் மழை. இந்த இடத்தில் கொஞ்சம் நீட்டுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

படப்பிடிப்பில் மழை என்றால் டேங்கர் லாரி, மோட்டார், மேலே கட்டிய குழாய், அதில் பூவாளி மாதிரி வாய்கள். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு இரவு மழைக் காட்சி. நாலு லாரித் தண்ணீர் கொட்டினோம், நடிகர்கள் நடுங்கினார்கள், மானிட்டரில் மழையே இல்லை. எல்லோரும் வெறுமனே நனைந்துபோய் நிற்கிறார்கள். "தம்பி, மழை எங்கய்யா?" என்று இயக்குநர் கத்தினார். கேமராமேன் முன்னாலிருந்து லைட் போட்டிருந்தார். வயதான லைட்மேன் ஒருவர் பீடியை அணைத்துவிட்டு மெதுவாகச் சொன்னார், "பின்னாடி போடுங்க சார், தண்ணிக்கு முதுகுல லைட் வேணும்." பின்னால் உயரத்தில் ஒரு விளக்கை ஏற்றினதும் ஒவ்வொரு துளியும் வெள்ளி ஊசியாக எழுந்து நின்றது. மழையை முன்வெளிச்சம் விழுங்கிவிடும், பின்வெளிச்சம்தான் வரைந்து காட்டும். ஃபோகஸுக்காகத் தரையில் சாக்பீஸால் போட்ட மார்க் எல்லாம் முதல் டேக்கிலேயே கரைந்து ஓடிவிட, நான் உடைந்த செங்கல் துண்டுகளை அடுக்கி அடுத்த டேக்குக்கு அளவு வைத்தேன்.

இதை மனதில் வைத்து அந்தக் காட்சியைப் பாருங்கள். இரவு. சல்லிவனின் முதலாளி ரூனி, அதாவது பால் நியூமன், தன் ஆட்களோடு குடை பிடித்துக்கொண்டு காருக்கு வருகிறார். டிரைவர் அசையவில்லை. கிழவருக்குப் புரிந்துவிடுகிறது. விளக்குகள் பின்னாலும் பக்கத்திலும் மட்டுமே இருப்பதால், முன்னால் நிற்கும் மனிதர்கள் வெறும் தொப்பி, கோட்டு வடிவங்கள், அவர்களைச் சுற்றி மழை மட்டும் மின்னுகிறது. தெருவின் கோடி இருட்டு. அந்த இருட்டில் தீப்பொறி மாதிரி ஒன்று விட்டு விட்டு எரிகிறது. சுடுகிறவனைக் காணோம், ஆட்கள் ஒவ்வொருவராக மடிகிறார்கள். தாம்சன் சத்தம் இல்லை, அலறல் இல்லை, மழையின் இரைச்சல்கூட இல்லை. தாமஸ் நியூமனின் இசை மட்டும். (பால் நியூமனுக்கு இவர் சொந்தமில்லை, பலர் கேட்பார்கள்.) இத்தனையிலும் ரூனி திரும்பிப் பார்ப்பதே இல்லை. காரைப் பார்த்தபடி முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார். எல்லாம் அடங்கிய பிறகுதான் சல்லிவன் இருட்டிலிருந்து நடந்து வருகிறான், கிழவர் திரும்புகிறார். வந்தது நீயாக இருப்பதில் சந்தோஷம் என்கிற மாதிரி ஒரே ஒரு வரி. அதன் பிறகு வருகிற அந்தக் கடைசிக் குண்டுச் சரம்தான் காதில் விழுகிறது.

ஆக, உங்கள் ஸ்பீக்கர் நன்றாகத்தான் இருக்கிறது. சத்தத்தை எடுத்தது தெரிந்தே செய்த காரியம். எதற்காக என்பதற்கு நான் சொல்லப்போவது என் வாசிப்பு. சல்லிவன் அநாதையாக வந்தவன், வளர்த்து, வீடு கொடுத்து, ஆளாக்கியவர் ரூனி. படத் தொடக்கத்தில் துக்க வீட்டில் இருவரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஒரே பியானோவில் நாலு கையால் வாசிப்பார்கள். பெற்ற மகன் கானர் தூரத்தில் நின்று அதைப் பார்ப்பான். டேனியல் கிரேக்கின் முகத்தில் அந்த நேரம் தெரிவதைக் கவனியுங்கள், படத்தில் பின்னால் நடக்கும் எல்லாக் கொலைக்கும் காரணம் அங்கே இருக்கிறது. மழைத் தெருவில் விழுகிற ஏழெட்டுப் பேரை நமக்குத் தெரியாது, அவர்கள் சாவுக்குச் சத்தம் போட்டால் அது சண்டைக் காட்சியாகிவிடும். சத்தத்தை எல்லாம் சேமித்து, வளர்த்த அப்பனைச் சுடும் அந்த ஒரு சரத்துக்குக் கொடுத்துவிட்டார்கள். அது முடிந்ததும் மேலே வீடுகளின் ஜன்னல்களில் ஆட்கள் எட்டிப் பார்க்கிறார்கள். ஊருக்கெல்லாம் கேட்டிருக்கிறது. நமக்குத்தான் கேட்கவில்லை.

பழிவாங்கும் படம் என்றால் உச்சம் வில்லன் சாவு. சல்லிவனின் மனைவியையும் இளைய பையனையும் கொன்றவன் கானர். அவனைச் சுடும் காட்சி சில நொடிதான். ஹோட்டல் அறை, சல்லிவன் உள்ளே போகிறான், குளியலறை வாசலில் நின்று சுடுகிறான், திரும்பி நடக்கிறான். கதவு தன் போக்கில் அசைந்து வர, அதில் பதித்த கண்ணாடியில் குளியல் தொட்டியும் அதில் கிடப்பவனும் ஒரு கணம் தெரிகிறார்கள். அரங்கு கைதட்டக் காத்திருந்த இடம் அது. கைதட்டக் கிடைப்பது ஒரு கதவு. இதில் எனக்கு மெண்டிஸ் மேல் பெரிய மரியாதை. இந்தக் கொலையால் செத்தவர்கள் யாரும் திரும்பி வரப்போவதில்லை என்பதை வசனமாக எழுதியிருந்தால் சப்பென்று போயிருக்கும்.

ஒளிக்கிற இந்தப் படத்தில் காட்டுவதற்கென்றே ஒரு ஆள் இருக்கிறான். ஜூட் லா செய்யும் ஹார்லன் மக்வயர். பிணங்களைப் படமெடுப்பது அவன் தொழில், ஆள் இன்னும் சாகாமல் இருந்தால் சாகடித்துவிட்டுப் படமெடுப்பான். இவன் புத்தகத்தில் இல்லவே இல்லை, டேவிட் செல்ஃப் எழுதிய திரைக்கதையில் பிறந்தவன். நியூயார்க்கில் கொலை நடந்த இடங்களுக்கு போலீஸோடு போட்டி போட்டு ஓடிய, வீஜீ என்ற பெயரில் பிரபலமான நிஜப் புகைப்படக்காரரை முன்மாதிரியாக வைத்து உருவாக்கினார்கள். புத்தகத்திலிருந்து படத்துக்கு வந்த மாற்றங்களில் இதுவே கெட்டிக்காரத்தனமானது. வன்முறையை ரசித்துப் பார்க்கிறவன் இந்தக் கதையின் ராட்சசன். சண்டையைக் காட்டவில்லையே என்று நீங்களும் நானும் கோபப்படும்போது, கொஞ்சம் அவன் பக்கம் சாய்கிறோம். (கோபித்துக்கொள்ள வேண்டாம், முதல் தடவை பார்த்தபோது நானும் இதே குறையைத்தான் சொன்னேன்.)

முழுப் பாராட்டும் இல்லை எனக்கு. கடைசியில் ஏரிக்கரை வீட்டில் பையன் துப்பாக்கியை நீட்டிக்கொண்டு நிற்கிறான், சுட முடியவில்லை, சாகிற அப்பா மக்வயரைச் சுட்டு அந்தப் பாவத்தைத் தன் மேல் வாங்கிக்கொள்கிறார். பிறகு பையன் ஒரு வயதான விவசாயத் தம்பதியிடம் போய்ச் சேர்கிறான். கச்சிதமாக முடிச்சுப் போட்டுவிட்டார்கள், எனக்கு அது கொஞ்சம் இனிப்பு அதிகம். புத்தகத்தில் அந்தப் பையன் வளர்ந்து பாதிரியார் ஆகிறான், கதையைச் சொல்வதே அந்தப் பாதிரியார்தான் என்று தெரியும்போது வருகிற கனம் படத்தில் இல்லை. அம்மா பாத்திரம் இன்னொரு குறை. ஜெனிஃபர் ஜேசன் லீ மாதிரி ஒரு நடிகையை வைத்துக்கொண்டு சமையலறையில் நிறுத்திச் சாகடித்துவிட்டார்கள்.

தலைப்பைப் பற்றிக் கேட்கவில்லை, ஆனாலும் சொல்லிவிடுகிறேன், தமிழில் பார்த்தால்தான் இது நன்றாகப் பிடிபடும். பெர்டிஷன் என்பது கதையில் மிச்சிகன் ஏரிக்கரையில் இருக்கும் ஒரு ஊர், பையனின் சித்தி வீடு. அகராதியில் நரகம், அழிவு என்று போட்டிருக்கும். நம் பழைய பைபிள் மொழிபெயர்ப்பில் இதற்கு நின்றிருக்கும் சொல் கேடு. "கேட்டுக்குப் போகிற வாசல் விரிவும், வழி விசாலமுமாயிருக்கிறது" என்று மத்தேயுவில் வருமே, அந்தக் கேடு. சல்லிவனும் ரூனியும் கோயிலுக்குப் போகிற கத்தோலிக்கர்கள். கோயிலின் நிலவறையில் இருவரும் சந்திக்கும்போது, நம்மில் யாரும் சொர்க்கத்தைப் பார்க்கப்போவதில்லை, அது மட்டும் நிச்சயம் என்று ரூனியே சொல்லிவிடுகிறார். பையன் மட்டும் அந்த வழியில் போகக்கூடாது என்பதற்காகவே சல்லிவன் அதே பெயருள்ள ஊருக்கு அவனைக் கூட்டிக்கொண்டு ஓடுகிறான்.

கான்ராட் ஹாலுக்கு இதுவே கடைசிப் படம். படம் 2002 ஜூலையில் வந்தது, 2003 ஜனவரியில் அவர் காலமானார். இரண்டு மாதம் கழித்து சிறந்த ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் அவருக்குக் கிடைத்தது, மகன் வந்து வாங்கிக்கொண்டார். ஆறு பரிந்துரைகளில் கிடைத்தது அது ஒன்றுதான். பால் நியூமனும் அதற்குப் பிறகு தியேட்டர் படம் எதிலும் முகம் காட்டவில்லை, சில படங்களுக்குக் குரல் மட்டும் கொடுத்தார்.

இரண்டாம் தடவை பார்ப்பதாக இருந்தால் ஒரு யோசனை. அறை விளக்கை அணைத்துவிடுங்கள், டிவியில் படத்தை வழவழப்பாக்கும் செட்டிங் இருந்தால் அதையும் அணைத்துவிடுங்கள், வெளிச்சத்தைக் கூட்டாதீர்கள். இந்தப் படத்தின் இருட்டு இருட்டாகவே இருக்க வேண்டும், மொபைலில் பகல் நேரத்தில் பார்த்தால் பாதிப் படம் காணாமல் போய்விடும். பிறகு தண்ணீரை மட்டும் பின்தொடருங்கள். சாவு வரும் இடங்களில் எல்லாம் தண்ணீர் ஏதோ ஒரு உருவத்தில் இருக்கும், மெண்டிஸே இதைச் சொல்லியிருக்கிறார். கிடங்கில் மழை, தெருவில் மழை, கானருக்குக் குளியல் தொட்டி, சல்லிவனுக்கு ஜன்னலுக்கு வெளியே ஏரி. ஆரம்பத்துத் துக்க வீட்டில் பிணத்தைப் பனிக்கட்டி மேல் கிடத்தியிருப்பார்கள். கூட்டமும் பாட்டும் குடியும் நடந்துகொண்டிருக்க, அந்தப் பனி உருகிச் சொட்டிக்கொண்டிருக்கும். வால்யூமை அங்கே கூட்டுங்கள்.